அவிநாசி சாலையில் வனையும் இயற்கை

கோயம்புத்தூர் ரயில் நிலையத்துக்கு எதிரே இருந்த லாட்ஜில், மேசைக்குப் பின்னால் நின்றவர் எனக்கான சாவியை ஆணியிலிருந்து எடுத்துவிட்டார். என் பெட்டியைத் தூக்க ஓர் ஆளையும் கூப்பிட்டுவிட்டார். அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன்.

"அறைக்குள்ள சுடுதண்ணி வருமோ?"

சாவி அந்தரத்தில் நின்றது.

"எந்தூருங்க நீங்க?"

"இலங்கை. கண்டிப் பக்கம் யூனிவர்சிட்டியில படிப்பிக்கிறன்."

"ரூம் இல்லீங்களே" என்றார், சாவியைத் திரும்ப ஆணியில் மாட்டிக்கொண்டே. "தப்பா நெனச்சுக்காதீங்க அம்மணி. சிலோன்காரங்களுக்கு ரூம் குடுத்தா ஸ்டேசன்ல எழுதிக் குடுக்கோணுங்க. பொறகு அவங்க வருவாங்க, கேப்பாங்க. மத்த ரூம்காரங்க எல்லாம் காலி பண்ணிப்போட்டுப் போயிருவாங்க. உக்காருங்க, தண்ணி குடிச்சுட்டுப் போங்க. சிறுவாணித் தண்ணிங்க."

தண்ணீர் உண்மையிலேயே இனித்தது. இத்தனை மரியாதையாக யாரும் என்னை வெளியே அனுப்பியதில்லை. அந்த மரியாதைதான் என்னைத் தடுமாற வைத்தது. திட்டினால் திருப்பித் திட்டலாம். இதற்கு என்ன செய்வது?

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. முந்தைய ஆண்டுதான் தமிழ்நாட்டில் அந்தப் பெரிய கொலை நடந்திருந்தது. குண்டைக் கட்டிக்கொண்டு வந்தவள் எங்கள் ஊர்த் தமிழ் பேசிய பெண் என்று செய்தித்தாள்கள் எழுதிக் குவித்திருந்தன. எங்களில் ஒருத்தி பேச்சுக் கொடுத்தாலே நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். அவளைப் போலவே நானும் கண்ணாடி போட்டவள், தனியாக வந்தவள், தோளில் ஒரு துணிப்பை வேறு. இலங்கையில் எனக்குச் சோதனைச் சாவடிகள் பழக்கம்தான். அங்கே தமிழ் பேசுவதால் பயம். இங்கே எல்லோரும் தமிழ் பேசுகிறார்கள். என்னுடைய தமிழைப் பேசத்தான் பயம்.

நான் வந்த காரியமோ, முந்நூறு ஆண்டுகளுக்கு முன் செத்துப்போன சில இங்கிலாந்துப் பாதிரிமாரைப் பற்றிப் பேசுவது. கேம்பிரிட்ஜ் பிளேட்டோவியர் என்று அவர்களைச் சொல்வார்கள். பிளேட்டோவையும் பைபிளையும் ஒரே மேசையில் விரித்து வைத்துப் படித்தவர்கள். மன்னன் படையும் பாராளுமன்றப் படையும் வெட்டிக்கொண்டு செத்த காலத்தில், அறிவும் பக்தியும் ஒன்றுக்கொன்று பகையில்லை, மனித மனத்துக்குள்ளேயே கடவுள் ஒரு விளக்கை ஏற்றி வைத்திருக்கிறார் என்று சொன்னவர்கள். சண்டை நடக்கிற நாட்டில் இருந்துகொண்டு கத்தாமல் பேசியவர்கள் என்பதாலேயே எனக்கு அவர்கள் மேல் ஒரு பிடிப்பு. கோவையில் ஒரு கல்லூரியின் தத்துவத் துறை அவர்களைப் பற்றிக் கருத்தரங்கு வைத்தது. அங்கே பேராசிரியராக இருந்த ரங்கநாயகி என்னை அழைத்திருந்தார். அதுவரை எங்களுக்குள் கடிதப் பழக்கம் மட்டும்தான்.

பக்கத்து எஸ்.டி.டி. பூத்திலிருந்து அவருக்குப் பேசினேன். பழைய ஃபியட் காரை அவரே ஓட்டிக்கொண்டு வந்தார். நெற்றியில் பெரிய பொட்டும் இழுத்துச் செருகிய கைத்தறிச் சேலையுமாக இறங்கி, லாட்ஜ்காரரை ஒரு பார்வை பார்த்தார்.

"என்ற தப்புதானுங்க புனிதா. முன்னமே நம்மூட்டுக்குன்னு சொல்லியிருக்கோணும். ஏறுங்க."

அவர்கள் வீடு பீளமேட்டில். பின்பக்கம் எங்கோ ஒரு மில்லின் சங்கு ஊதியது. சங்கு என்று தெரிவதற்குள் நான் கார் கதவோரம் குனிந்துவிட்டேன். வடக்கில் நான் பிறந்த ஊரில் அந்த மாதிரிச் சத்தத்துக்குப் பதுங்கு குழிக்கு ஓடுவோம். ரங்கநாயகி பார்த்துவிட்டு, என் பெட்டியைத் தானே எடுத்துக்கொண்டார்.

மதியம் அரிசிம்பருப்புச் சோறு போட்டார்கள். அரிசியும் துவரம்பருப்பும் ஒன்றாக வெந்து, மேலே ஒரு கரண்டி நெய். எங்களுக்குச் சோறு என்றால் பக்கத்தில் மரக்கறியும் கீரையுமாக நாலு கறியாவது வேண்டும். இவர்கள் ஒரே பாத்திரத்தில் முடித்துவிடுகிறார்கள். இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டேன். ரங்கநாயகியின் கணவர் வரதராசு எதிரே உட்கார்ந்து, "நல்லாச் சாப்புடுங்க, கூச்சப்படாதீங்க" என்றார். ஒல்லியான மனிதர். தண்ணீர் பம்புகளுக்கு இரும்பு வார்த்துக் கொடுக்கும் பவுண்டரி வைத்திருந்தார். சிரித்தபடிதான் பேசினார். ஆனால் தெருவில் ஸ்கூட்டர் ஒன்று நின்றபோது எழுந்து போய் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு வந்தார்.

அன்று மாலை அடுத்த அறையில் அவர்கள் இருவரும் தெலுங்கில் பேசிக்கொண்டது கேட்டது. அவர்கள் வீட்டு மொழி அது. எனக்குத் தெலுங்கு தெரியாது. 'சிலோன்', 'போலீஸ்' என்ற இரண்டு சொற்கள் மட்டும் திரும்பத் திரும்ப வந்தன. நான் கட்டில் நுனியில் உட்கார்ந்து, பெட்டியைத் திறப்பதா வேண்டாமா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

ரங்கநாயகி உள்ளே வந்தார். "என்ன பேசினோம்னு உங்களுக்குத் தெரியோணுங்க. மறைக்க எனக்குப் புடிக்காது. அவரு கேக்கறாரு, 'அந்தம்மா நல்லவங்களாவே இருக்கட்டும். நாளைக்கு ஒருத்தன் வந்து கேட்டா, நல்லவங்கன்னு எதை வெச்சுச் சொல்லுவே?' நான் சொன்னேன், 'ரெண்டு வருசமாக் கடுதாசி போட்டுக்கிட்டிருக்கோம், அதை வெச்சு.' அதுக்கு அவரு, 'கடுதாசில எல்லாரும் நல்லவங்கதான்'ங்கறாரு."

"அவர் சொல்லுறதும் சரிதானே" என்றேன்.

"செரிதானுங்க. அதுதான் எனக்குக் கோவம்."

அடுத்த நாள் காலையில் சந்தகை. எங்கள் இடியப்பம் மாதிரியே இருந்தது. ஆனால் இவர்கள் மாவை முதலில் அவித்துவிட்டுப் பிறகு பிழிகிறார்கள். நாங்கள் பிழிந்துவிட்டு அவிப்போம். தேங்காய்ப்பாலும் வெல்லமும் ஊற்றிச் சாப்பிடச் சொன்னார்கள். என் நாக்கு எங்கள் சொதிக் குழம்பையும் தேங்காய்ச் சம்பலையும் தேடியது.

வரதராசு தட்டைப் பார்த்தபடியே கேட்டார்: "ஏனுங்க மேடம், நீங்க பேசப் போறவங்க என்னதானுங்க சொல்றாங்க?"

கேட்க வேண்டுமே என்று கேட்டதாகத்தான் நினைத்தேன். ஆனாலும் சொன்னேன். அவர்கள் காலத்தில் உலகம் வெறும் இயந்திரம், எல்லாம் தானாக முட்டி மோதி நடக்கிறது என்று ஒரு கட்சி. இல்லை, ஒவ்வொரு புல்லையும் கடவுளே கையால் முளைக்க வைக்கிறார் என்று இன்னொரு கட்சி. இவர்களில் ஒருவர் நடுவில் ஒன்றைச் சொன்னார். இயற்கைக்குள்ளேயே ஒரு வனையும் திறன் இருக்கிறது, கடவுளின் எண்ணத்தை அது உள்ளிருந்து நிறைவேற்றுகிறது, ஆனால் தான் என்ன செய்கிறோம் என்று அதற்குத் தெரியாது. அதற்கு அவர் வைத்த பெயர் 'பிளாஸ்டிக் நேச்சர்'. பழைய ஆங்கிலத்தில் பிளாஸ்டிக் என்றால் வனைகிற என்று பொருள்.

"பரவாயில்லீங்களே" என்றார் அவர். முதல் தடவையாக நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். அதற்குள் தொலைபேசி அடித்தது. அவருடைய அண்ணன். வரதராசு குரலைத் தாழ்த்திக்கொண்டு, "ஒறம்பரைதானுங்க... ரங்கநாயகியோட சிநேகிதி... மெட்ராசுங்க" என்றார். விருந்தாளியைத்தான் அவர்கள் ஒறம்பரை என்கிறார்கள். எனக்காக ஒருவர் பொய் சொல்லவேண்டி வந்துவிட்டது.

கருத்தரங்கு மறுநாள்தான். ரங்கநாயகி கல்லூரிக்குப் போகவேண்டும். பகல் முழுவதும் நான் அந்த வீட்டில் உட்கார்ந்திருந்தால் வரதராசு ஜன்னலை விட்டு நகரமாட்டார் என்று தோன்றியது. அவிநாசிக் கோயிலைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று சொன்னேன். ரங்கநாயகி தயங்கினார். பிறகு வாசலில் நிறுத்தி எனக்குப் பேசக் கற்றுக்கொடுத்தார்.

"சொல்லுங்க. 'ஏனுங்க, அவிநாசிக்கு ஒண்ணு குடுங்க.'"

"ஏனுங்க, அவிநாசிக்கு ஒண்டு குடுங்கோ."

"ஒண்ணு. குடுங்க."

"ஒண்ணு. குடுங்க."

"ரொம்பப் பேசாதீங்க. சில்லறை மட்டும் குடுத்தாப் போதும்."

என்னுடைய கட்டுரையைத் துணிப்பையில் எடுத்துக்கொண்டேன். எங்காவது நிழலில் உட்கார்ந்து ஒரு தரம் படித்துப் பார்க்கலாம் என்று எண்ணம்.

பேருந்தில் போனது நன்றாகவே இருந்தது. நடத்துநர் சீட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போனார். சாலையின் இருபுறமும் நூற்பு மில்கள், நடுவே சோளக்காடு, மறுபடி மில். அவிநாசியில் கோயில் குளத்தருகே முதலை வாயிலிருந்து குழந்தை வெளியே வரும் சிற்பம் இருக்கிறது. நான் வேதக்காரி, கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவள். கதை தெரியாது. பூ விற்ற பெண்தான் சொன்னாள். முதலை விழுங்கிய பிள்ளை, பல வருசங்கள் கழித்து, வளர்ந்த பிள்ளையாகவே திரும்பி வந்தானாம்.

"உள்ளாறயே வளந்துட்டானுங்க. அம்மாகாரி எப்படித்தான் அடையாளங் கண்டாளோ."

எனக்கு என் தம்பி நினைவு வந்தது. வேப்பமர நிழலில் உட்கார்ந்தேன், கட்டுரையை எடுத்தேன், ஒரு வரியும் ஓடவில்லை. எழுந்து வந்துவிட்டேன்.

திரும்பும் பேருந்தில் பக்கத்தில் உட்கார்ந்தவர், மடியில் நிலக்கடலைப் பை வைத்திருந்த ஒரு பெண்மணி.

"எந்தூருங்க அம்மணி?"

"மெட்ராசுங்க."

"அங்க தண்ணிக் கஷ்டமாமுங்களே?"

"ஓம்."

சொன்ன பிறகுதான் உறைத்தது. ஆமாம் என்பதற்கு நாங்கள் மட்டும் சொல்லும் சொல் அது. அந்தப் பெண்மணி என்னை உற்றுப் பார்த்தார். நான் பையை மடியோடு அணைத்துக்கொண்டேன். பிறகு அவர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"சாமி கும்புட்டுப்போட்டு வாரீங்களாட்ட இருக்குது. நல்லதுங்க. கடலை தின்னுங்க."

ஒரு கைப்பிடி கடலையை என் உள்ளங்கையில் வைத்தார். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. அதை உரித்து முடிப்பதற்குள் பேருந்து நின்றது. காக்கிச் சட்டைகள் இரண்டு வாசல் வழியாகவும் ஏறின.

வழக்கமான சோதனைதான். இருக்கைக்கு அடியில் பார்த்தார்கள், மூட்டைகளைத் தட்டினார்கள். பெண் காவலர் ஒருவர் என் பையை வாங்கினார். சோம்பலாகத் துழாவிய கை, கடவுச்சீட்டில் பட்டதும் நின்றது. அட்டையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"கொஞ்சம் எறங்குங்கக்கா."

கடலைக்காரப் பெண்மணி கால்களை ஒடுக்கி எனக்கு வழிவிட்டார். பேருந்து கிளம்பிப் போகும்போது ஜன்னல் முழுக்க முகங்கள். அவற்றில் அவருடைய முகம் மட்டும் எதிர்ப்பக்கம் திரும்பியிருந்தது.

ஸ்டேஷனில் ஒரு நாற்காலி போட்டார்கள். தேநீர் கொடுத்தார்கள். இன்ஸ்பெக்டர் என் வயதுக்காரர். கடவுச்சீட்டு, விசா, சென்னைப் போலீஸில் பதிந்து வாங்கிய சீட்டு மூன்றையும் விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். எல்லாம் சரியாக இருந்தன. பிறகு கட்டுரையைக் கையில் எடுத்தார். தட்டச்சு செய்த ஆங்கிலப் பக்கங்கள். புரட்டிக்கொண்டே வந்த விரல் ஒரு தலைப்பில் நின்றது. அதற்கடுத்த பக்கத்தில் நின்றது. அதற்கும் அடுத்ததில்.

"இதென்னங்க, பக்கத்துக்குப் பக்கம் பிளாஸ்டிக் பிளாஸ்டிக்னு?"

அந்த நாட்களில் அந்தச் சொல்லோடு வெடிமருந்து என்ற சொல்லும் ஒட்டிக்கொண்டுதான் செய்தித்தாளில் வரும். கண்டியில் உட்கார்ந்து ஆறு மாதம் எழுதிய எனக்கு அது ஒரு நாளும் தோன்றவில்லை.

"வெடிமருந்து இல்ல, சேர். பழைய இங்கிலீஷில வனையிறது எண்டு அர்த்தம். குயவன் மண்ணை வனையிற மாதிரி."

"யாரு வனையறதுங்க?"

"இயற்கைக்குள்ள இருக்கிற ஒரு சக்தி. விதைக்குள்ள இருந்து மரத்தை உருவாக்கும். ஆனா தான் என்ன செய்யிறன் எண்டு அதுக்குத் தெரியாது."

"தெரியாம எப்படிங்க செய்யும்?"

"மேலயிருந்து வாற திட்டத்தை அப்படியே நிறைவேத்தும்."

அவர் பேனாவைக் கீழே வைத்தார்.

"அதாவதுங்க, திட்டம் போடறது ஒருத்தரு. இது உள்ளாறயே இருக்கும், கண்ணுக்குத் தெரியாது. எதுக்குன்னு அதுக்கே தெரியாது. ஆனா சொன்னதைச் செஞ்சு முடிச்சிரும். அப்படித்தானுங்களே?"

"ஓம்... அப்படித்தான். ஆனா..."

"மனித வெடிகுண்டும் அப்படித்தானுங்க."

இன்னும் விளக்கினால் இன்னும் மாட்டிக்கொள்வேன் என்று புரிந்தது. பதினைந்து ஆண்டுகளாக அந்தத் தத்துவத்தைப் படித்திருக்கிறேன். அதை விளங்கிக்கொள்ள இத்தனை கச்சிதமாக ஒருவரும் கேள்வி கேட்டதில்லை. கேட்ட மனிதர் கையில் என் கடவுச்சீட்டு இருந்தது. நாற்காலியின் கைப்பிடியை இறுக்கிப் பிடித்தேன். பெண் காவலர் என் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். குற்றவாளிதான் அப்படி இறுக்கிப் பிடிப்பான் என்று அவர் நினைப்பாரோ என்ற பயத்தில் கைகளை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

"ஊட்டுல யாராச்சும் இயக்கத்துல இருக்காங்களா?"

"இல்ல."

"கூடப் பொறந்தவங்க?"

"ஒரு தங்கச்சி கனடாவில. ஒரு தம்பி. அவன் இல்ல."

"இல்லைன்னா? எங்கீங்க இருக்காரு?"

"செத்துப்போனான். பள்ளிக்கூடத்தில எழுதுற கொப்பி வாங்கக் கடைக்குப் போனவன். ஷெல் விழுந்தது."

இன்ஸ்பெக்டர் தேநீரை என் பக்கமாகத் தள்ளி வைத்தார். "ஆறிப்போச்சுங்க" என்றார். பிறகு, "எனக்கு உங்க மேல ஒண்ணுமில்லீங்க. மேல இருந்து உத்தரவு. சந்தேகம்னு வந்துட்டா நான் முகாமுக்கு அனுப்பி வெச்சாகோணும். அங்க போனா, எப்ப வெளிய வருவீங்கன்னு எனக்கே தெரியாதுங்க" என்றார்.

முகாம் என்று அவர் சொன்னது அகதிகள் தங்கும் முகாமை அல்ல, இரும்புக் கதவு போட்டுப் பூட்டி வைக்கும் இடத்தை. அங்கே போன இரண்டு பேரை எனக்குத் தெரியும். அவர்கள் எப்போது திரும்புவார்கள் என்று அவர்கள் வீடுகளிலும் தெரியாது.

ரங்கநாயகியின் பெயரும் எண்ணும் கொடுத்திருந்தேன். ஃபியட் வந்து நின்றபோது, ஓட்டும் இருக்கையிலிருந்து வரதராசு இறங்கினார். அவரை நான் எதிர்பார்க்கவில்லை. என்னைப் பார்க்காமல் நேரே மேசைக்குப் போனார். ரங்கநாயகி என் தோளைத் தொட்டுக்கொண்டு நின்றார்.

இன்ஸ்பெக்டர் பக்கங்களைக் காட்டினார். வரதராசு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். ஆங்கிலம் அவருக்கு அவ்வளவாக ஓடாது என்று பிறகு ரங்கநாயகி சொன்னார்.

"சார், நம்ம பவுண்டரிக்கு ஒரு நா வாங்க" என்றார். "மண்ணுல அச்சு எடுத்து இரும்பு ஊத்தறமுங்க. ஊத்துனா பம்பு பாடி வருது. அந்த மண்ணுக்குத் தான் பம்பு செய்யறோம்னு தெரியுங்களா? தெரியாதுங்க. ஆனா செஞ்சு குடுத்துருது. படம் போட்டவன் எங்கயோ ஆபீசுல உக்காந்திருக்கான். அதைத்தானுங்க அந்த வெள்ளக்காரப் பாதிரி எழுதி வெச்சிருக்காரு. காலைல சந்தகை தின்னுட்டே இந்த மேடம் எனக்குச் சொன்னாங்க. இதுல வெடிக்கறதுக்கு ஒண்ணுமே இல்லீங்க."

இன்ஸ்பெக்டர் யோசித்தார். "அச்சு" என்று தனக்குள் சொல்லிப் பார்த்தார். "செரிங்க. மோல்டுன்னு எழுதிக்கறேன். ஆனா யாராச்சும் பொறுப்பேத்துக் கையெழுத்துப் போடோணும். நாளைக்கு இவங்களப் பத்தி ஏதாச்சும் ஒண்ணு வந்தா, கையெழுத்துப் போட்டவங்களைத்தான் கூப்புடுவோம். அதையுஞ் சொல்லிப்போடறேன்."

ரங்கநாயகி பேனாவை எடுத்தார். வரதராசு தெலுங்கில் தணிந்த குரலில் ஏதோ சொல்லி அதை அவர் கையிலிருந்து வாங்கினார். தாளை முழுவதும் படித்துவிட்டு, கீழே கையெழுத்துப் போட்டார். பவுண்டரி முகவரியையும் எழுதினார்.

நிபந்தனை இரண்டு. மறுநாள் என் பேச்சைக் கேட்கப் போலீஸ்காரர் ஒருவர் வருவார். பேச்சு முடிந்ததும் மாலை ரயிலில் நான் சென்னைக்குக் கிளம்பிவிட வேண்டும்.

காரில் நீலாம்பூர் தாண்டியதும் நான், "அண்ணை, நன்றி" என்றேன்.

"எனக்கு இன்னும் பயமாத்தானுங்க இருக்குது" என்றார் அவர், சாலையைப் பார்த்தபடி. "வீட்டுக்குப் போய் ஒரு காப்பி குடிச்சாப் போயிரும்னு நெனைக்கிறேன்."

அவர் தெலுங்கில் என்ன சொன்னார் என்று ரங்கநாயகியிடம் கேட்டேன். "'நீ சர்க்கார் சம்பளம் வாங்கறவ, வேலை போயிரும், என்னைப் புடிச்சா பவுண்டரிதான் நிக்கும்'னாரு" என்றார்.

மறுநாள் காலையில் கட்டுரையை மேசையில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதன் கடைசிப் பகுதி என்னைப் பார்த்தது. அந்தப் பாதிரிமார் மிக வலுவாகச் சொன்ன விஷயம் அதில்தான் இருந்தது. நல்லது நல்லதாக இருப்பது யாரோ உத்தரவு போட்டதால் அல்ல. மன்னன் சொன்னாலும் பாராளுமன்றம் சொன்னாலும் அநியாயம் நியாயமாகிவிடாது. கடவுளின் கட்டளைகூட நன்மையை உண்டாக்குவதில்லை. அவர் நல்லவர் என்பதால் நல்லதைக் கட்டளையிடுகிறார். அதிகாரம் மேலேயிருந்து எதைச் சொன்னாலும் அதுவே அறம் என்று எழுதியவர்களுக்கு அவர்கள் கொடுத்த பதில் இது.

"இதை விட்டுரலாமுங்க" என்றார் ரங்கநாயகி. "முன்னாடி இருக்கிறதே போதும். நல்லாத்தான் இருக்குது."

எனக்கும் அதுதான் சரியென்று பட்டது. கையெழுத்துப் போட்டவர் நான் இல்லை. வரதராசு செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார். அவரிடமே சொல்லிவிடலாம் என்று போனேன். "அண்ணை, பயப்பிடாதேங்கோ. பிரச்சினையான இடத்தை வாசிக்கமாட்டன்."

"எதுங்க பிரச்சினையான எடம்?"

சொன்னேன். ஒரு கால் செருப்போடு நின்று கேட்டார்.

"அதைச் சொல்லறதுக்குத்தானுங்களே கடல் தாண்டி வந்தீங்க?"

"ஓம்."

"அப்பறம் அதை ஊட்டுலயே வெச்சுப்போட்டுப் போறதுங்களா? படிங்க. எனக்குப் பயமா இருக்கும். அதுக்கு நீங்க என்ன பண்ணுவீங்க."

கருத்தரங்கு அறையில் முப்பது பேர் இருந்திருப்பார்கள். மின்விசிறி கிரீச்சிட்டது. நாற்காலிகள் நிறைய காலி. கடைசி வரிசையில் கட்டம் போட்ட சட்டையில் ஒருவர், மடித்த காகிதமும் பேனாவுமாக உட்கார்ந்திருந்தார். போலீஸ் வெட்டு முடி. வேறு அடையாளம் தேவையில்லை.

என் கட்டுரை ஆங்கிலத்தில். மாணவர்களுக்காக இடையிடையே தமிழிலும் சொன்னேன். கடைசிப் பகுதிக்கு வந்தபோது நிறுத்தித் தண்ணீர் குடித்தேன். அதைத் தமிழில் சொல்லாமல் ஆங்கிலத்தில் மட்டும் வேகமாக வாசித்துவிடலாம் என்று ஒரு கணம் நினைத்தேன். முன்வரிசையில் இருந்த ஒரு மாணவி பேனாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள். ஆங்கிலத்தில் வாசித்தேன். பிறகு தமிழிலும் சொன்னேன். "மேலே இருப்பவர்கள் உத்தரவு போட்டார்கள் என்பதற்காக மட்டும் ஒரு தப்பு சரியாகிவிடாது." கடைசி வரிசையில் பேனா அசைவது தெரிந்தது. நான் வரதராசு உட்கார்ந்திருந்த பக்கம் பார்க்கவில்லை.

கேள்விகள் வந்தன. திரித்துவத்தைப் பற்றி ஒருவர் நீளமாகக் கேட்டார். என்ன பதில் சொன்னேன் என்று இன்று வரை நினைவில்லை.

வெளியே வராந்தாவில் தேநீரும் உளுந்து வடையும் வைத்திருந்தார்கள். கட்டம் போட்ட சட்டைக்காரர் நேராக என்னிடம் வந்தார். ரங்கநாயகி கையிலிருந்த தட்டைக் கீழே வைத்துவிட்டு என் பக்கத்தில் வந்து நின்றுகொண்டார்.

"ஏனுங்க மேடம், ரிப்போர்ட் எழுதோணுங்க. கடைசில ஒண்ணு சொன்னீங்களே, மேல இருக்கறவங்க உத்தரவு போட்டாலும் தப்பு தப்புதான்னு. அதை யாரு சொன்னதுன்னு போடறதுங்க?"

அது இங்கிலாந்துப் பாதிரியார் சொன்னது, எனக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று சொல்ல வழி இருந்தது. அவரே அதைக் கதவு மாதிரித் திறந்து வைத்துக்கொண்டு நின்றார்.

"அந்தப் பாதிரியார் சொன்னது. முந்நூறு வருசத்துக்கு முதல் செத்துப்போனார்" என்றேன். பிறகு, எப்படி வந்ததென்று தெரியாது, "நானும்தான் சொல்லுறன். என்ர பேரையும் போடுங்கோ" என்றேன்.

அவர் காகிதத்தைப் பார்த்தார். வராந்தாவின் கோடியில் தனியாக நின்றுகொண்டிருந்த வரதராசுவைப் பார்த்தார். காதை ஒரு தடவை சொறிந்துகொண்டார்.

"செத்தவரு பேரு போதுமுங்க" என்றார். "அவரைக் கூப்புட்டு விசாரிக்க முடியாதுங்கல்ல. எழுத்துக் கூட்டி மட்டும் சொல்லிப்போடுங்க, இங்கிலீசுல எனக்குத் தப்பு வரும்."

ஒவ்வோர் எழுத்தாகச் சொன்னேன். காகிதத்தை வராந்தாத் தூணில் வைத்து, அவர் பெரிய பெரிய எழுத்தில் எழுதிக்கொண்டார்.